எதற்கு 'ஆமா' போடுகிறோம்?

கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் வாழ்வு நமக்குச் சொல்லும் செய்தி

(குமரி மாவட்ட இளைஞர்களும் வணிகர்களும் கூடியிருந்த ஓர் அமர்வில் பேசியதன் எழுத்து வடிவம்)

 

இன்றைய தலைப்பைக் கேள்விப்பட்டதுமே ஒரு தம்பி என் கையைப் பிடித்து ஓரமாக அழைத்துச் சென்றார். "உஸ்தாதே, நீங்கள் மதரஸாவில் ஓதியவர். மிம்பரில் நிற்பவர். ஒரு பாட்டுக்காரரை, சினிமாக்காரரைப் பற்றிப் பேசலாமா?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான். பதில் சொல்லிவிட்டே தொடங்குகிறேன்.

இசை பற்றி மார்க்க அறிஞர்களிடையே என்னென்ன கருத்துகள் உண்டு என்பதை விளக்க வேறு அமர்வு இருக்கிறது. இன்று நான் பேச வந்தது ராகத்தைப் பற்றி அல்ல. ஒரு மனிதரைப் பற்றி. நம் ஊர் மண்ணில் பிறந்து, பழி சுமத்தப்பட்டு, சிறைக்குப் போய், மீண்டு வந்த ஒரு மனிதரைப் பற்றி. அவர் கதையில் பழி சுமத்தியவர்கள் இருக்கிறார்கள். பழியை நம்பியவர்கள் இருக்கிறார்கள். கூட நின்றவர்களும் இருக்கிறார்கள். இந்த மூன்று வரிசையில் நாம் எந்த வரிசையில் நிற்கிறோம் என்பதுதான் இன்றைய பேச்சு.

வில்லுக்குப் பின்னால் இருப்பவர்கள்

நான் சிறுவனாக ஓதிக்கொண்டிருந்த இடத்துக்கும் பக்கத்து ஊருக்கும் இடையே வயல்தான் எல்லை. அங்கே கோயில் கொடை நடக்கும் நாட்களில் இரவு முழுவதும் ஒலிபெருக்கியில் வில்லுப்பாட்டு காற்றோடு வரும். எங்கள் உஸ்தாத் ஜன்னலைச் சாத்தச் சொல்வார். சாத்துவோம். காலையில் சுபுஹு தொழுகை முடிந்து பாடம் தொடங்கும்போது பார்த்தால், பாதிப் பிள்ளைகளின் கண்கள் சிவந்திருக்கும்! ஜன்னல் சாத்தினால் காது சாத்துமா?

வில்லுப்பாட்டு நம் நாஞ்சில் நாட்டுக்கும் நெல்லைச் சீமைக்கும் உரிய கலை. நீண்ட வில்லைக் குடத்தின் மேல் வைத்துக் கட்டியிருப்பார்கள். வில்லில் மணிகள் தொங்கும். தலைமைப் பாடகர் நடுவில் அமர்ந்து வீசுகோலால் நாணைத் தட்டுவார். பக்கத்தில் குடம் அடிப்பவர், உடுக்கை அடிப்பவர், தாளம் போடுபவர். சுடலைமாடன் கதை, இசக்கி கதை, முத்துப்பட்டன் கதை என்று விடிய விடியப் பாடுவார்கள். அக்கதைகளில் பலவும் அநியாயமாகக் கொல்லப்பட்டவர்களின் கதைகள். இறந்தவரைத் தெய்வமாக்கும் நம்பிக்கை நம்முடையது அல்ல. ஆனால் ஒரு விஷயத்தை ஒப்புக்கொள்ள வேண்டும். யாருக்கு அநியாயம் நடந்தது என்பதை அந்த மக்கள் பாட்டாக்கி, நூற்றாண்டுக் கணக்கில் மறக்காமல் வைத்திருந்தார்கள்.

அந்தக் கலையில் ஒரு நுட்பம் உண்டு. தலைமைப் பாடகர் ஒரு வாசகத்தைச் சொல்வார். பக்கத்தில் இருப்பவர் உடனே "ஆமா!" என்பார். பாடகர் கேள்வியை எழுப்புவார். பக்கத்தவர் "பிறகு என்ன ஆச்சு?" என்பார். இந்த 'ஆமா' இல்லாவிட்டால் கதை நகராது. எவ்வளவு பெரிய புலவரானாலும் தனியாக உட்கார்ந்து வில்லுப்பாட்டு பாட முடியாது.

இந்த 'ஆமா'வை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். என் பேச்சு முழுவதும் அதைச் சுற்றியே வரும்.

சோடா விற்ற சிறுவன்

நாகர்கோவிலைச் சேர்ந்த ஒழுகினசேரியில் 1908 நவம்பர் 29 அன்று பிறந்தவர் என்.எஸ். கிருஷ்ணன். தந்தை பெயர் சுடலைமுத்துப் பிள்ளை. தாயார் பெயர் இசக்கியம்மாள். பெயர்களைக் கவனித்தீர்களா? எந்தக் கதைகளை வில்லில் பாடுவார்கள் என்று சற்று முன் சொன்னேனோ, அந்தப் பெயர்கள்தாம். பிறந்த வீட்டிலேயே வில்லுப்பாட்டு இருந்தது என்று சொல்லலாம்.

வறுமையான குடும்பம். பெரிய படிப்பு கிடையாது. நாடகக் கொட்டகையில் சோடா விற்ற சிறுவன் அவர். வில்லுப்பாட்டுக் கலைஞராக மேடை ஏறினார். பிறகு டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் சேர்ந்தார். அந்தக் காலத்து நாடகக் குழு என்றால் அது ஒரு மதரஸா மாதிரிதான்! அங்கேயே உண்டு, அங்கேயே உறங்கி, அடி வாங்கி, பாடம் கேட்டு, எல்லா வேடமும் கட்டிப் பழக வேண்டும். இன்றைக்கு மூன்று மாதத்தில் முதலாளி ஆகிவிட நினைக்கும் தம்பிமார்கள் இதைக் குறித்துக்கொள்ள வேண்டும். சோடா விற்ற பையன் நாடு அறிந்த கலைஞன் ஆக எத்தனை ஆண்டுகள் எடுத்துக்கொண்டான்!

1935-ல் 'மேனகா', 1936-ல் 'சதி லீலாவதி' என்று படங்களில் நடிக்கத் தொடங்கினார். 'வசந்தசேனா' படத்துக்காகப் புனே சென்றபோது டி.ஏ. மதுரம் அம்மையாரைச் சந்தித்தார். அவரையே மணந்தார். அதன் பிறகு தமிழ்ப் படவுலகில் கிருஷ்ணன் - மதுரம் ஜோடி இல்லாத படம் அபூர்வம் என்ற நிலை வந்தது.

சகோதரர்களே! அவர்கள் செய்த நகைச்சுவையின் அமைப்பைப் பாருங்கள். அவர் ஒன்று சொல்வார், அம்மையார் மறுத்துக் கேட்பார். அம்மையார் கேட்பார், அவர் விளக்குவார். பாட்டிலும் அப்படியே, பேச்சிலும் அப்படியே. இது எங்கிருந்து வந்தது? ஒழுகினசேரி வில்லுமேடையில் இருந்துதான்! தலைமைப் பாடகரும் பக்கத்தவரும் பேசிக்கொள்ளும் அதே முறை. மேடையில் 'ஆமா' மட்டும் போட்டுக்கொண்டிருந்த இடத்தில், அவர் தன் மனைவியைச் சரிசமமாக உட்கார வைத்தார். ஒழுகினசேரியில் கட்டிய வீட்டுக்குக்கூட 'மதுர பவனம்' என்று மனைவி பெயரையே வைத்தார்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். தன் நகைச்சுவைப் பகுதியைத் தானே எழுதி, தன் குழுவினரையே நடிக்க வைத்து, ஒரு தனிப் பிரிவாகவே உருவாக்கித் தருவார். வணிகச் சகோதரர்களுக்கு இது புரியும். சரக்கும் அவருடையது, தரத்துக்கு உத்தரவாதமும் அவருடையது. தன்னை நம்பி வந்த சிறு நடிகர்களுக்கும் அதனால் பிழைப்பு கிடைத்தது.

சிரிக்க வைத்தது யாரைப் பார்த்து?

நகைச்சுவை என்றால் என்ன? நொண்டியைப் பார்த்துச் சிரிப்பதா? கறுப்பு நிறத்தைப் பார்த்துச் சிரிப்பதா? ஏழையின் கிழிசலைப் பார்த்துச் சிரிப்பதா? நெஞ்சில் கை வைத்துச் சொல்லுங்கள், நம் கடைத்தெருவில் நாம் அடிக்கும் கிண்டல் எப்படிப்பட்டது?

கலைவாணர் சிரிக்க வைத்தது பெரும்பாலும் வலியவனைப் பார்த்து. அல்லது தன்னைத்தானே பார்த்து. அதற்கு ஓர் உதாரணம் போதும்: 'கிந்தனார்'.

நந்தனார் கதை உங்களுக்குத் தெரியும். தாழ்த்தப்பட்ட குலத்தில் பிறந்த நந்தன் சிதம்பரம் போக ஆசைப்பட்டதைச் சொல்லும் கதை. அதைக் காலட்சேபமாக மேடைகளில் பாடி மக்கள் உருகிக்கொண்டிருந்த காலம் அது. கலைவாணர் அதே காலட்சேப பாணியை எடுத்துக்கொண்டார். அவருடைய கிந்தன் சிதம்பரம் போகவில்லை, பள்ளிக்கூடம் போனான்! அங்கே வாத்தியாரிடம் அடிபட்டு, ரயில் ஏறிச் சென்னைப் பட்டணம் போய், படித்து, கல்வி அதிகாரியாகித் தன் சொந்த ஊர்ப் பள்ளிக்கூடத்தையே சோதிக்க வந்து நிற்கிறான். எழுதிக் கொடுத்தவர் உடுமலை நாராயணகவி. அறிஞர் அண்ணா கதை வசனம் எழுதிய 'நல்லதம்பி' படத்தில் 1949-ல் அது இடம்பெற்றது.

கேட்டவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். சிரித்து முடித்து வீட்டுக்குப் போனபோது, ஒடுக்கப்பட்ட வீட்டுப் பிள்ளை படித்தால் என்ன ஆகும் என்ற எண்ணமும் கூடவே போனது. மணிக்கணக்கில் நாங்கள் மேடையில் கத்தித் தொண்டை வற்றிச் சொல்வதை, அந்த மனிதர் சிரிக்கச் சிரிக்கச் சொல்லிவிட்டார். ஒருவர் மனமும் புண்படவில்லை. இதுதான் சொல்லின் ஒழுக்கம்.

மஞ்சள் காகிதம்

இனி கதையின் இருண்ட பகுதிக்கு வருகிறேன்.

இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த நேரம். சென்னையில் லட்சுமிகாந்தன் என்றொருவர் 'சினிமா தூது' என்ற பத்திரிகையை நடத்தினார். நடிகர், நடிகையர், செல்வந்தர்கள் ஆகியோரின் அந்தரங்கம் என்று சொல்லிக் கண்டதையும் எழுதுவது அதன் தொழில். எம்.கே. தியாகராஜ பாகவதரும், என்.எஸ். கிருஷ்ணனும், பட்சிராஜா ஸ்டூடியோ ஸ்ரீராமுலு நாயுடுவும் கவர்னரிடம் மனுக் கொடுத்தார்கள். பத்திரிகையின் அனுமதி ரத்தானது. ஆனால் அந்த நபர் 'இந்து நேசன்' என்ற வேறொரு பத்திரிகையைக் கையில் எடுத்துக்கொண்டு, அதே வேலையைத் தொடர்ந்தார்.

இங்கே ஒரு நிமிடம் நிறுத்துகிறேன். அந்தப் பத்திரிகை எப்படி ஓடியது? எழுதியவர் ஒருவர்தான். வாங்கியவர்கள் எத்தனை பேர்! வெளியே "சீச்சீ" என்று சொல்லிக்கொண்டே, தலையணைக்கு அடியில் வைத்துப் படித்தவர்கள் எத்தனை பேர்! "நெருப்பில்லாமல் புகையுமா?" என்று டீக்கடையில் தலையாட்டியவர்கள் எத்தனை பேர்! வில்லடித்தவர் லட்சுமிகாந்தன். 'ஆமா' போட்டது ஊர்!

1944 நவம்பர் 8. சென்னை வேப்பேரியில் கைரிக்‌ஷாவில் போய்க்கொண்டிருந்த லட்சுமிகாந்தன் கத்தியால் குத்தப்பட்டார். மறுநாள் இறந்தார். அவர் எழுதியது எவ்வளவு கீழ்த்தரமாக இருந்தாலும், அவரைக் குத்தியது கொலைதான், பெரும் பாவம்தான். எழுத்துக்குப் பதில் கத்தி அல்ல என்பதில் இளைஞர்களுக்கு எந்த ஐயமும் இருக்கக் கூடாது.

அந்தக் கொலைக்குச் சதி செய்ததாக 1944 டிசம்பரில் பாகவதரும் கிருஷ்ணனும் கைது செய்யப்பட்டார்கள். நாடே அதிர்ந்தது. ஜூரிகள் அமர்ந்த விசாரணையில் ஸ்ரீராமுலு நாயுடு விடுவிக்கப்பட்டார். மற்ற இருவருக்கும் 1945 மே மாதத்தில் ஆயுள் தண்டனை கிடைத்தது. உயர் நீதிமன்றத்தில் செய்த மேல்முறையீடும் அதே ஆண்டில் தள்ளுபடியானது.

நினைத்துப் பாருங்கள். நேற்று வரை ஊரையே சிரிக்க வைத்த மனிதர். இன்று கொலைக் கைதி. நேற்று வாசலில் வரிசையாக நின்ற கார்கள் இன்று எங்கே? நேற்று "அண்ணே, அண்ணே" என்று சுற்றி வந்தவர்கள் எங்கே?

கூட நின்றவர்கள்

ஒரு பெண்மணி நின்றார். டி.ஏ. மதுரம் அம்மையார்! அழுதுகொண்டு மூலையில் உட்காரவில்லை. கணவர் பெயரிலேயே நாடக சபையை நடத்தினார். எஸ்.வி. சகஸ்ரநாமம் தோள் கொடுத்தார். ஊர் ஊராக நாடகம் போட்டார்கள். குழுவில் இருந்தவர்களின் அடுப்பு அணையாமல் பார்த்துக்கொண்டார்கள். வழக்குக்கும் பணம் வேண்டுமே! 'பைத்தியக்காரன்' நாடகத்தைப் படமாக எடுக்கத் தொடங்கினார்கள். அந்தப் படம் 1947-ல் வெளிவருவதற்குள் கலைவாணர் விடுதலையாகி வந்துவிட்டதால், அவருக்கென்று காட்சிகளைச் சேர்த்தார்கள்.

விடுதலை எப்படி வந்தது? வானத்திலிருந்து விழவில்லை. அன்றைக்கு நம் நாட்டின் மேல்முறையீடுகளுக்கெல்லாம் உச்ச மன்றம் லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில். கடல் கடந்து அங்கே போனார்கள். மேல்முறையீட்டை மீண்டும் விசாரிக்க வேண்டும் என்று அது திருப்பி அனுப்பியது. சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதிகள் ஹேப்பல், ஷஹாபுத்தீன் இருவரும் அமர்ந்து கேட்டார்கள். வாதாடியவர் வி.எல். எத்திராஜ், பின்னாளில் எத்திராஜ் மகளிர் கல்லூரியை நிறுவியவர் அவர்தான். 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர்கள் என்று விடுவிக்கப்பட்டார்கள்.

இரண்டு ஆண்டுகளுக்கும் மேல் சிறை! அந்த நாட்களை யார் திருப்பித் தருவது? தண்டனை கிடைத்த அன்று "நான் அப்போதே சொன்னேனே" என்று பேசிய வாய்கள், விடுதலையான அன்று மன்னிப்புக் கேட்டனவா?

சகோதரர்களே! ஒரு கைதிக்கு ஒரு வழக்கறிஞர், ஒரு சரியான மனு, காலம் தவறாத மேல்முறையீடு, வெளியே அடுப்பு எரிய ஒரு வழி, இவை நான்கும் வேண்டும். கலைவாணருக்கு இவை நான்கும் கிடைத்தன. கிடைக்காதவர்கள் எத்தனை பேர் என்று சிறைவாசலில் நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும்.

இருவர், இரு முடிவுகள்

பாகவதரும் கலைவாணரும் ஒரே நாளில்தான் வெளியே வந்தார்கள். பாகவதர் சாதாரணப் பாடகரா? 1944-ல் வெளிவந்த அவருடைய 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி கண்ட படம். அதே படத்தில் கலைவாணரும் மதுரம் அம்மையாரும் நடித்திருந்தார்கள். ஆனால் விடுதலைக்குப் பின் பாகவதரின் படங்கள் எடுபடவில்லை. பழைய புகழ் திரும்பாமலேயே 1959-ல் அவர் மறைந்தார்.

கலைவாணரோ எழுந்து நின்றார். 1947-ல் பம்மல் சம்பந்த முதலியார் 'கலைவாணர்' என்ற பட்டத்தை அவருக்கு அளித்தார். 1948-ல் 'சந்திரலேகா', 1949-ல் 'நல்லதம்பி' என்று படங்கள் வந்தன. 1951-ல் 'மணமகள்', 1952-ல் 'பணம்' ஆகிய படங்களைத் தாமே இயக்கினார்.

இந்த வேறுபாட்டுக்குக் காரணம் பல இருக்கலாம். எனக்குத் தோன்றுவது இது: பாகவதரின் புகழ் ஒரு தனிக் குரலின் மேல் நின்றது. ரசனை மாறியதும், குரலுக்கு இருந்த மவுசும் போயிற்று. கலைவாணரின் புகழ் ஒரு குழுவின் மேல் நின்றது. அவர் உள்ளே இருந்தபோதும் குழு வெளியே உயிரோடு இருந்தது. அவர் திரும்பி வந்தபோது உட்கார இடம் காலியாகக் காத்திருந்தது. வில்லுமேடை கற்றுக் கொடுத்த பாடம் சிறையிலிருந்து வந்த பிறகும் கைகொடுத்தது.

புகழின் உச்சியிலும் வில்லை அவர் மறக்கவில்லை. காந்தியடிகளின் கதையை வில்லுப்பாட்டாகப் பாடினார். நெல்லைச் சீமையிலிருந்து சுப்பு ஆறுமுகம் என்ற இளைஞரைச் சென்னைக்கு அழைத்து வந்து தன் பக்கத்தில் வைத்துக்கொண்டார். அந்த இளைஞர்தான் பிறகு வில்லிசையை உலகெங்கும் கொண்டு சென்று, 2021-ல் பத்மஸ்ரீ விருது பெற்று, 2022-ல் மறைந்தவர். தன் இடத்துக்கு ஒருவரை உருவாக்காமல் போகிறவன் தலைவன் அல்ல. இது இயக்கத்துக்கும் பொருந்தும், கடைக்கும் பொருந்தும்.

பணம் பற்றி வணிகர்களிடம்

'பணம்' படத்தில் பணம் எங்கே போய் ஒளிந்துகொண்டது என்று தேடிக்கொண்டே போகும் ஒரு பாட்டை அவர் பாடினார். கள்ளச் சந்தையில் தேடுவார், கஞ்சன் கையில் தேடுவார், தேர்தலில் தேடுவார். கோட்டாறு கடைத்தெருவில் கணக்கு எழுதிக்கொண்டிருந்த என் வாப்பா, ரேடியோவில் அந்தப் பாட்டு வந்தால் பேனாவைக் கீழே வைத்துவிடுவார். "இந்த மனுசன் நம்ம பெட்டியைத் தொறந்து பாத்துட்டுதான் பாடுறான்" என்று சிரிப்பார்.

கலைவாணர் அள்ளிச் சம்பாதித்தார், அள்ளிக் கொடுத்தார். கேட்டவருக்கு இல்லை என்று சொல்லத் தெரியாதவர் என்று அவரை அறிந்தவர்கள் எல்லோரும் சொல்லியிருக்கிறார்கள். கடைசிக் காலத்தில் அவர் கையில் பணம் தங்கவில்லை. 1957 ஆகஸ்ட் 30 அன்று, 49 வயது முடிவதற்குள் காலமானார். நம் மாவட்டம் தமிழகத்தோடு இணைந்து அப்போது பத்து மாதங்கள்தான் ஆகியிருந்தன.

இங்கே நான் முழுமையாக 'ஆமா' போட மாட்டேன். கொடுத்த கைக்கு என் மரியாதை உண்டு. ஆனால் வாரிசுகள் பிறர் கையை எதிர்பார்க்கும்படி விட்டுச் செல்லாதீர்கள் என்பது நமக்குச் சொல்லப்பட்ட ஒழுக்கம். வஸிய்யத்துக்கு மூன்றில் ஒரு பங்கு என்று எல்லை வைத்திருப்பதும் அதற்காகத்தான். ஆகவே கொடுங்கள், கணக்கு வைத்துக் கொடுங்கள். உணர்ச்சியில் ஒரு நாள் ஆயிரங்களை அள்ளி வீசிவிட்டு, அடுத்த பதினொரு மாதம் கதவைச் சாத்துவதை விட, மாதம் தவறாமல் ஒரு பிள்ளையின் கல்விக் கட்டணத்தைக் கட்டுவது மேல்.

என் வாயிலிருந்து வந்த 'ஆமா'

இதுவரை பிறர் கதையைச் சொன்னேன். இனி என் கதையையும் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் இந்தப் பேச்சுக்கு நேர்மை இல்லை.

சில ஆண்டுகளுக்கு முன், நான் இமாமாக இருந்த ஊரில் ஒரு சகோதரர் ஜவுளிக்கடை வைத்திருந்தார். கடையோடு ஒரு சிறு சேமிப்புச் சீட்டும் நடத்தினார். அவர் கடையை மூடிவிட்டு ஓடப் போகிறார் என்று ஒரு பேச்சு கிளம்பியது. யாரோ கைப்பேசியில் எழுதி அனுப்பினார்கள். அஸர் தொழுதுவிட்டு வெளியே வரும்போது ஒரு பெரியவர் என்னிடம் கேட்டார்: "உண்மையா உஸ்தாதே?"

நான் விசாரித்திருந்தேனா? இல்லை. அவரிடம் கேட்டிருந்தேனா? இல்லை. ஆனாலும் என் வாயிலிருந்து வந்த பதில்: "அப்படித்தான் நானும் கேள்விப்பட்டேன்."

அவ்வளவுதான் சகோதரர்களே! மூன்றே சொற்கள். மூன்றே நாளில் சீட்டுப் போட்டவர்கள் எல்லோரும் கடை வாசலில் நின்றார்கள். எந்த வணிகனால் ஒரே நாளில் எல்லோருக்கும் திருப்பித் தர முடியும்? சரக்கை அடிமாட்டு விலைக்கு விற்றார். மனைவியின் நகையை விற்றார். ஒருவருக்கும் ஒரு ரூபாய் பாக்கி வைக்காமல் கொடுத்து முடித்தார். கடையும் முடிந்தது. அவர் வளைகுடாவுக்கு வேலைக்குப் போய்விட்டார்.

ஓடிப்போகிறவன் கடன் தீர்த்துவிட்டா ஓடுவான்? பேச்சு பொய் என்று அப்போதுதான் ஊருக்குப் புரிந்தது. நான் அவர் வீட்டுக்குப் போனேன். அவருடைய உம்மா கதவைத் திறந்தார். உட்காரச் சொன்னார். தேநீர் கொடுத்தார். திட்டவில்லை. ஒன்றே ஒன்று சொன்னார்: "மத்தவங்க சொன்னப்ப யாரும் நம்பல்ல உஸ்தாதே. நீங்க சொன்ன பொறவுதான் நம்பினாங்க."

அந்தத் தேநீர் இன்றும் என் தொண்டையில் நிற்கிறது. ஒரு செய்தி வந்தால் தீர விசாரித்துக்கொள்ள வேண்டும் என்று எத்தனை ஜும்ஆவில் நான் பேசியிருப்பேன்! பேசிய வாயே 'ஆமா' போட்டுவிட்டது. லட்சுமிகாந்தனின் பத்திரிகைக்கு வாசகர்கள் எங்கிருந்து கிடைத்தார்கள் என்று நான் யாரைக் கேட்பது? நானே ஒரு வாசகன்தானே!

நம் மாவட்டம் பட்ட காயம்

இது தனி மனிதர்களின் கடை, வீடு என்பதோடு முடிவதில்லை. 1982-ல் மண்டைக்காட்டில் தொடங்கிய கலவரத்தை இங்கிருக்கும் மூத்தவர்கள் கண்ணால் கண்டவர்கள். தலைமுறை தலைமுறையாக அண்டை அயலாக வாழ்ந்த இந்துக்களும் கிறிஸ்தவர்களும் ஒருவரை ஒருவர் எதிரிகளாகப் பார்த்த நாட்கள் அவை. துப்பாக்கிச் சூடு நடந்தது. உயிர்கள் போயின. நீதிபதி வேணுகோபால் தலைமையில் விசாரணைக் கமிஷன் அமைக்கப்பட்டது. அப்படிப்பட்ட நாட்களில் ஓர் ஊரிலிருந்து இன்னோர் ஊருக்கு எது முதலில் போகும்? வதந்திதான் போகும். அன்று அது நடந்தும் சைக்கிளிலும் போயிருக்கும். இன்று ஒரு விரல் அசைந்தால் உலகம் முழுவதும் போகிறது. 'ஃபார்வர்டு' செய்கிறோமே, அதுதான் இன்றைய 'ஆமா'!

எதிர்ப்பக்கத்தைப் பற்றி வரும் பொய்க்கு மட்டும் நாம் 'ஆமா' போட்டுக்கொண்டு, நம்மைப் பற்றி வரும் பொய்க்கு ஊர் 'ஆமா' போடக் கூடாது என்று எதிர்பார்த்தால், அது நீதியா?

நல்ல 'ஆமா'வுக்கும் நம் ஊரிலேயே சான்று உண்டு. கலைவாணர் பிறந்த நாகர்கோவிலின் இன்னொரு மூலை இடலாக்குடி. அங்கே பிறந்தவர் சதாவதானி செய்குத்தம்பிப் பாவலர். 1874-ல் பிறந்து 1950-ல் மறைந்தவர். 1907-ல் சென்னை விக்டோரியா மண்டபத்தில் நூறு செய்திகளை ஒரே நேரத்தில் கவனித்து விடையிறுத்துச் சதாவதானி என்று பெயர் பெற்றவர். வடலூர் வள்ளலாரின் பாடல்கள் அருட்பாவா, மருட்பாவா என்று சைவ அறிஞர்கள் இரு கூறாகப் பிரிந்து மோதிக்கொண்டபோது, ஒரு முஸ்லிம் புலவரான பாவலர் நூல்களைக் கற்று, ஆய்ந்து, அவை அருட்பாவே என்று மேடையேறி வாதாடினார். அது அவர் வீட்டுச் சண்டையா? இல்லை. தனக்கு லாபமா? இல்லை. உண்மை என்று ஆராய்ந்து கண்டார். பக்கத்து வீட்டாருக்காக 'ஆமா' என்றார். படித்துப் பார்த்துச் சொன்ன 'ஆமா' அது!

மூன்று கோரிக்கைகள்

இளைஞர்களே! உங்களிடம் ஒரு கோரிக்கை. யாரைப் பற்றியும், எந்தச் சமுதாயத்தைப் பற்றியும் ஒரு செய்தி வந்தால், "இதை நான் அவர் முகத்துக்கு நேரே கேட்டேனா?" என்று உங்களையே கேளுங்கள். கேட்கவில்லை என்றால் அந்தச் செய்தி உங்கள் கைப்பேசியிலேயே சாகட்டும்.

ஜமாஅத் பொறுப்பாளர்களே! ஒருவர் மீது வழக்கு வந்தால், தீர்ப்பு வருவதற்கு முன்பே நாம் தீர்ப்பு எழுத வேண்டாம். குற்றம் செய்திருந்தால் சட்டம் பார்த்துக்கொள்ளும். நாம் மறைத்து வைக்கவும் வேண்டாம். ஆனால் அவர் வீட்டுப் பிள்ளைக்குச் சோறு இருக்கிறதா, வழக்கறிஞர் இருக்கிறாரா, மேல்முறையீட்டுக்கு நாள் தவறிவிடவில்லையா என்று பார்ப்பது நம் கடமை. மதுரம் அம்மையார் தனி ஒரு பெண்ணாகத் தொடங்கியதை ஒரு ஜமாஅத்தால் செய்ய முடியாதா?

வணிகச் சகோதரர்களே! உங்கள் தெருவிலும் ஒரு கிந்தன் இருப்பான். உங்கள் கடையில் சரக்கு இறக்குபவரின் மகனாக இருக்கலாம்; எந்தச் சமயத்தவராகவும் இருக்கலாம். அந்தப் பிள்ளையின் படிப்பை ஏற்றுக்கொள்ளுங்கள். என்றாவது ஒரு நாள் அவன் அதிகாரியாகி உங்கள் கடைக்குச் சோதனைக்கு வருவான். அப்போது உங்கள் கணக்கு சரியாக இருக்கட்டும்!

வளைகுடாவுக்குப் போன அந்தச் சகோதரர் சென்ற ஆண்டு விடுமுறையில் வந்திருந்தார். நேரில் சென்று மன்னிப்புக் கேட்டேன். மன்னித்தார். ஆனால் கடை திரும்பி வரவில்லை. மன்னிப்பால் மனம் ஆறும். மூடிய கடை திறக்காது. அதனால்தான் சொல்கிறேன், வாயைத் திறக்கும் முன் விசாரித்துக்கொள்ளுங்கள்.

இப்போது நான் சொன்னதற்கும் உடனே 'ஆமா' போட்டுவிட வேண்டாம். வீட்டுக்குப் போய் யோசியுங்கள். சரி என்று பட்டால் நாளைக் காலையில் கடை திறக்கும்போது, செயலில் 'ஆமா' சொல்லுங்கள்.

வஸ்ஸலாம்.